மயில்கழுத்து ரவிக்கைத் துணி

துணி இறக்குமதி செய்யும் சிவராஜ் தலை குனிந்தபடி நின்றிருந்தார். தப்பு செய்தவன் அப்படித்தான் நிற்பான் என்று நினைத்தார் சுங்கத்துறை உதவி கமிஷனர் சந்தானம். உட்காரச் சொல்லவில்லை.

“கேஸ் நடக்கட்டும் சார். பில்லுல துணியோட மதிப்பைக் குறைச்சுப் போட்டது கொரியாக்காரன் தப்பா, என் தப்பான்னு நிதானமா விசாரிங்க. அதுவரைக்கும் சரக்கை மட்டும் தற்காலிகமா, ப்ரொவிஷனல் ரிலீஸ்ல விடுங்க. பாண்ட் எழுதித் தர்றேன், பேங்க் கேரண்டியும் தர்றேன்.”

“என்ன அவ்வளவு அவசரம்?”

“கப்பல்லருந்து இறங்கின அன்னிக்கே உங்க கோடவுன்ல வச்சுப் பூட்டிட்டீங்க. துர்கா பூஜைக்குன்னே போடச் சொன்ன டிசைன் சார். மயில்கழுத்து நிறத்துல வெள்ளிப் பொட்டு. கல்கத்தாவுல வேற யார்கிட்டயும் கிடையாது. பூஜை தாண்டிட்டா சீந்த ஆள் இருக்காது. வீட்டை அடகு வச்சு வரவழைச்ச சரக்கு.”

“யார்கிட்டயும் கிடையாதா?” சந்தானம் மேஜை இழுப்பறையைத் திறந்தார். “அப்ப இது என்ன?”

மேஜை மேல் ஒரு ரவிக்கைத் துணி விழுந்தது. மயில்கழுத்து நிறம், வெள்ளிப் பொட்டு.

ஃபைலோடு பக்கத்தில் நின்றிருந்த கோடவுன் சூப்பரின்டென்டென்ட் சீதாராமன் கையிலிருந்து சாவிக்கொத்து நழுவியது. பாவம், நமக்காக மனுஷன் பதறுகிறார் என்று சந்தானத்துக்கு மனசு இளகியது. பக்கத்துக் குவார்ட்டர்ஸ்காரர் ஆயிற்றே.

போன வெள்ளிக்கிழமை வரலட்சுமி நோன்பு. சந்தானத்தின் மனைவி சகுந்தலா இரண்டு வீடுகளுக்கு வெற்றிலை பாக்கு வாங்கிக்கொள்ளப் போயிருந்தாள். ஒன்று, லேக் கார்டன்ஸில் சிவராஜ் வீடு. கோயில் பஜனையில் பழக்கம். இன்னொன்று, பக்கத்து வீட்டு சீதாராமன் வீடு.

மறுநாள் அவள் தைக்கக் கொடுக்க எடுத்து வைத்த துணியைச் சந்தானம் கையில் எடுத்துப் பார்த்தார். சோதனையின்போது சிவராஜின் சரக்குப் பெட்டியைப் பிரித்து அவரே தொட்டுப் பார்த்த அதே துணி.

“இதை யார் குடுத்தா?”

“மகேஸ்வரியா, அலமு மாமியான்னு ஞாபகம் இல்லே. ரெண்டு வீட்டுத் தாம்பூலத்தையும் ஒரே பையிலதான் போட்டுண்டு வந்தேன்.”

சீதாராமன் மனைவி அலமுவுக்கும் இந்தத் துணிக்கும் என்ன சம்பந்தம்? சிவராஜின் மனைவி மகேஸ்வரிதான். இத்தனை வருஷ சர்வீஸில் அடுத்தவர் காசில் ஒரு டீ குடிக்காத மனிதர் சந்தானம். அவர் வீட்டுக்குள் மஞ்சள் குங்குமத்தோடு லஞ்சம் நுழைந்துவிட்டது. அவமானத்தில் இரண்டு நாளாக அவருக்குச் சோறு இறங்கவில்லை.

“நோன்புத் தாம்பூலத்துல வச்சு லஞ்சமா, மிஸ்டர் சிவராஜ்?” என்றார் சந்தானம். “பொம்மனாட்டிகளை விட்டு இந்த வேலை பண்ண வெக்கமா இல்லே? எனக்கு வெக்கமா இருக்கு. என் பெண்டாட்டி முகத்தைப் பார்க்கவே கூசறது. ரிலீஸும் கிடையாது, ஒண்ணும் கிடையாது. போங்க!”

சிவராஜ் துணியை எடுத்து மெல்லப் பிரித்தார். விரலால் தடவினார். ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, பொட்டுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

“நல்லாத்தான் வந்திருக்கு” என்று முணுமுணுத்தார்.

“என்ன நாடகம் இது?”

சாவிக்கொத்தை எடுக்கக் குனிந்த சீதாராமன் இன்னும் நிமிரவில்லை. சிவராஜ் துணியை மடித்து, மேஜை மேல் பழையபடி வைத்தார்.

“எனக்கே இன்னும் ஒரு கஜம்கூட வரலையே சார்.”