அறையின் சத்தம்

புயல் கொண்டுபோன ஊரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் அகிலா, அந்தப் புயலில் உயிர்பிழைத்த செபஸ்தியம்மாளை இரண்டு மணி நேரம் பேசவைத்தாள். தம்பியைக் கடல் இழுத்துப்போனதைக்கூட அவர் ஒப்பிப்பதுபோல்தான் சொன்னார். வருடந்தோறும் யாராவது வந்து கேட்டுவிடுகிறார்கள்.

"அம்புட்டுத்தானே தாயி?"

"ஒரு நிமிசம்மா. படத்துல பேச்ச வெட்டுற எடத்துல ஒட்டுப்போட இந்த அறையோட சத்தம் மட்டும் தனியா வேணும். யாரும் பேசக் கூடாது."

"நானுமா?" செபஸ்தியம்மாள் சிரித்துவிட்டார். "டிவிக்காரங்க நான் மூச்சு வாங்குனாலே 'சொல்லுங்க, சொல்லுங்க'ம்பாங்க."

அகிலா பதிவைத் தொடங்கினாள். ஓட்டின் மேல் காகம் நடந்தது. தூரத்தில் அலை. அதுவரை நாற்காலி நுனியில் இருந்தவர் மெல்லப் பின்னால் சாய்ந்து கண்களை மூடிக்கொண்டார்.

"போதும்மா. ரொம்ப நன்றி."

"அத நாந்தான் சொல்லணும்." கண் திறக்கவில்லை. "இன்னொருவாட்டி பதிஞ்சுக்க தாயி."

அகிலா மறுபடி பதிவைத் தொடங்கினாள். இம்முறை நேரம் பார்க்கவில்லை.