ஒரு தடவை தட்டும்மா

குவார்ட்டர்ஸ் வாசலில் அன்புக்கரசி முல்லைக்கொடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். பனி விலகாத அந்தக் காலையில், கேமரா வழியே பார்த்த செவ்வந்திக்கு எல்லாமே கனவுபோல இருந்தது.

"பூச்செடியெல்லாம் வேணாம் செவ்வந்தி," என்றார் பேட்டி எடுக்க வந்த சேனல்காரர் ஜெயகணேஷ். "திருநங்கைன்னு பாத்ததும் தெரியணும். ஏம்மா, ஒரு தடவை கைதட்டிக் காட்டு."

"எனக்கு அந்தப் பழக்கமில்லைங்க. நான் கணக்கு டீச்சர்," என்றாள் அன்புக்கரசி.

"தட்டலைன்னா யாரு நம்புவாங்க?"

மூன்று வருடமாகச் செவ்வந்தியின் தொண்டையிலேயே தங்கியிருந்த பேச்சு, தூக்கத்தில் பேசுவதுபோல மெதுவாக வெளியே வந்தது.

"மூணு வருஷமா உங்ககூட கேமராவைத் தூக்கிக்கினு சுத்துறேன் சார். நானும் திருநங்கைதான். என்னைக்காவது நான் தட்டிப் பாத்திருக்கீங்களா?"