கை கனமாம்

“உன்ற கை கனமா இருக்குதாம்,” என்றார் கணவர். “மெதுவாத் தட்டோணுமாம்.”

வாழையிலைத் துண்டின் மேல் வட்டமாகப் பரவியிருந்த மக்காச்சோள மாவிலிருந்து அவள் விரல்களை எடுத்தாள்.

எதிரே செலியா சிரித்துக்கொண்டு நின்றாள். சமையல் சொல்லித்தருபவள். ஏறக்குறைய இவள் வயதுதான். வெள்ளை அங்கியின் கழுத்தைச் சுற்றிச் சிவப்புப் பூக்கள் தைத்திருந்தாள்.

குறை சொல்கிறவளின் சிரிப்பாக அது இல்லை.

ஆனால் ஸ்பானிஷ் தெரிந்தது அவருக்குத்தான்.

மெக்சிகோவில், கார் உதிரிபாகத் தொழிற்சாலை ஒன்றில், மூன்று வருடம் தனியாக வேலை பார்த்தவர். கோயமுத்தூர் திரும்பிப் பத்து வருடம் ஆகிறது. இப்போதுதான் அவளை அழைத்து வந்திருக்கிறார், விடுமுறைக்கு. மாயர்களின் சமையலைக் கற்றுத்தரும் இந்த ஒருநாள் வகுப்புக்குப் போகலாமா என்று கேட்டது அவள்.

“அடுப்படியில நிக்கறதுக்கா இத்தனை தூரம் வந்தோம்?” என்றார். பிறகு கூடவே வந்தார்.

ஆங்கிலத்தில் எடுத்துச் சொல்ல நயேலி என்றொரு பெண் இருந்தாள். வகுப்புக்கு வந்த மற்ற நால்வரையும் கூட்டிக்கொண்டு, இறைச்சி வேகப்போகும் மண்குழியைக் காட்டக் கொல்லைப்பக்கம் போயிருந்தாள்.

செலியா மறுபடி ஏதோ சொன்னாள். அவள் தோளைத் தொட்டுச் சொன்னாள்.

“போதுமாம். நீ போய் உக்காரோணுமாம்.”

அவள் கையைக் கழுவினாள். சுவரோர பெஞ்சில் போய் உட்கார்ந்தாள்.

காது மடல்கள் எரிந்தன. நாற்பத்தொன்பது வயதில், முன்பின் தெரியாத ஒருத்தியால் அடுப்பங்கரையிலிருந்து அனுப்பப்படுவது.

செலியா அவரைப் பார்த்து ஏதோ கேட்டாள். அவர் தோளைக் குலுக்கிப் பதில் சொன்னார். செலியாவின் சிரிப்பு போய்விட்டது.

அவள் தட்டிய ரொட்டியைச் செலியா எடுத்துச் சுடுகல்லில் போட்டாள். அது பூரி மாதிரி உப்பி எழுந்தது.

பக்கத்தில் கணவர் தட்டிப் போட்டது ஓரம் கருகி, நடுவில் வேகாமல் கிடந்தது.

நயேலி திரும்பி வந்தாள். செலியா பெஞ்சைக் காட்டி வேகமாகப் பேசினாள். நயேலி நேராக அவளிடம் வந்தாள்.

“ஏன் உட்கார்ந்துவிட்டீர்கள்?” ஆங்கிலத்தில் கேட்டாள். “உங்கள் கை நல்ல கை என்கிறார். மற்றவர்களுக்குச் செய்து காட்டுவீர்களா என்று கேட்டிருக்கிறார். உங்களுக்கு இஷ்டமில்லை என்று உங்கள் கணவர் சொல்லிவிட்டாராம்.”

அவள் கணவரைப் பார்த்தாள்.

“சும்மா வெளையாட்டுக்குச் சொன்னேன், வசு,” என்றார். “இதுக்குப் போயி மூஞ்சியத் தூக்கி வெச்சுக்காதே.”

அவள் எழுந்து மேசைக்குப் போனாள். தட்டிக் காட்டினாள். யாரோ கை தட்டினார்கள். செலியா அவள் கையைப் பிடித்து எல்லோருக்கும் தூக்கிக் காட்டினாள்.

அவளுக்கு எதுவும் காதில் விழவில்லை.

நிரஞ்சனாவை நினைத்துக்கொண்டிருந்தாள்.

ஒரே மகள். டப்ளினில் இருக்கிறாள். கட்டிக்கொள்ளப்போகிறவனைப் பற்றி அம்மா சொன்ன ஒரு வார்த்தைக்காக வீட்டைவிட்டுப் போனவள். பதினாலு மாதம் ஆகிறது. மகளின் பேச்சு அப்பா வழியாகத்தான் வரும்.

அம்மாகிட்டப் பேசப் புடிக்கலையாம்.

நம்பர மாத்திட்டாளாம்.

உங்கிட்டக் குடுக்க வேண்டாமாம். கொஞ்ச நாள் அவ பாட்டுக்கு விடோணுமாம்.

எல்லாவற்றையும் அவள் நம்பினாள். அந்த வார்த்தையைச் சொன்னது அவள்தானே. பூஜையறையில் உட்கார்ந்து அழுதபோது அவர் காபி போட்டுக்கொண்டு வந்து கொடுத்தார். ஆறுதல் சொன்னார்.

மேசையில் அடுத்த வேலை தொடங்கியிருந்தது. செந்நிற மசாலாவில் ஊறிய பன்றியிறைச்சியை வாழையிலையில் பொதிந்து நாரால் கட்டவேண்டும். கணவர் மணிக்கட்டுவரை சிவந்த கைகளோடு இலையை மடித்துப் பிடித்திருந்தார்.

“வசு, ஒரு போட்டோ எடு. ஃபோன் அங்கதான் இருக்குது பாரு.”

சற்று முன் செலியாவைப் படம் பிடித்துவிட்டு வைத்த ஃபோன். திரை இன்னும் அணையவில்லை.

அவள் ஒரு படம் எடுத்தாள். முகம் முழுதாகத் தெரிகிற மாதிரி, நன்றாகவே எடுத்தாள்.

பிறகு ஃபோனோடு வாசலை நோக்கி நடந்தாள்.

“வசு? எங்க போறே?”

பெயர்ப் பட்டியலில் ‘பாப்பா’ என்றிருந்தது. 

“ஏ வசு! அதக் கொண்டா இங்க!”

அவர் கையை எடுக்கப் போனார். கட்டி முடிக்காமல் இலையை விடக்கூடாது என்பதுபோல் செலியா அவர் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தாள்.

வெளியே நண்பகல் வெயில். டப்ளினில் சாயங்காலமாக இருக்கும்.

மூன்றாவது மணியில் மகள் எடுத்தாள்.

“சொல்லுங்கப்பா.”

“நான்தான் கண்ணு.”

வைத்துவிட்டாளோ என்று திரையைப் பார்த்துவிட்டு மறுபடி காதில் வைத்தாள்.

“அம்மா,” என்றாள் நிரஞ்சனா. குரல் உடைந்திருந்தது. “எங்கூடப் பேசவே மாட்டேன்னு சாமி மேல சத்தியம் பண்ணிட்டீங்களாமே?”