அணிலுக்கு வந்த காமாலை

அணிலின் பொந்தைக் கிளி பிடித்துக்கொண்டது. கீழ்க்கோர்ட்டில் கிளிதான் ஜெயித்தது. அணில் பெரிய நீதிபதியான ஆந்தையிடம் அப்பீல் போட்டது. விசாரணையன்று அணிலைக் கூப்பிட்டார்கள். அது வரவில்லை. அப்பீல் தள்ளுபடியாகிவிட்டது.

மழைக்காலமெல்லாம் முடிந்த பிறகுதான் அணில் தன் வக்கீல் காக்கையிடம் வந்தது.

"தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, அப்பீலை மறுபடி எடுக்க ஒரு மனு. ரெண்டையும் போட்டுடலாம்," என்றது காக்கை. "உனக்கு மஞ்சள் காமாலை. படுத்த படுக்கையா இருந்தே."

"காமாலை இல்லைங்க ஐயா. அன்னைக்கு என்ன ஆச்சுன்னா..."

"அதெல்லாம் கோர்ட்டுல நிக்காது. காமாலைன்னா ஆந்தை எப்பவும் மன்னிச்சிடும். கையெழுத்துப் போடு."

அணில் போட்டது.

ஆந்தை மனுவைப் படித்துவிட்டுச் சலித்துக்கொண்டது. "காலையில முயலுக்குக் காமாலை, ஆமைக்குக் காமாலை. இப்போ உனக்குமா? போதும்ப்பா." இரண்டு மனுவும் தள்ளுபடி.

கோர்ட்டு கலைந்த பிறகும் அணில் அங்கேயே உட்கார்ந்திருந்தது. ஆந்தை பக்கத்தில் வந்தது.

"நிஜமா அன்னைக்கு என்ன ஆச்சு?"

"பொந்து போனதால குட்டியை வெறுங்கிளையில வெச்சிருந்தேங்க. நான் இங்கே வரக் கிளம்பும்போது கீழே விழுந்துடுச்சு. பிழைக்கலை. அப்புறம் எங்கேயும் போகவே தோணலைங்க."

ஆந்தை அந்த மனுவை மறுபடி எடுத்துப் பார்த்தது.

"இதை எழுதியிருந்தா மன்னிச்சிருப்பேனே!"

"நிக்காதுன்னு சொன்னாங்க, ஐயா."

மரத்துக்கு அந்தப்பக்கம் ஒரு கீரி அழுதுகொண்டே ஏதோ சொல்ல வந்தது. காக்கை அதைப் பேசவிடவில்லை.

"காமாலை இனிமே எடுபடாது. டைபாய்டுன்னு போட்டுடுவோம்."