எட்டாவது பாட்டின் முடிவு

மறுபடியும் பாட்டு வேகம் குறைந்து இழுத்தது.

பாடகி லோர்னா கூந்தலில் செருகியிருந்த பூவைப் பிடுங்கி எறிந்தாள்.

தாத்தா காலத்து ஸ்விங் நடன இசைக்கு உயிர் கொடுக்க வந்தவர்கள் அல்லவா, யாரும் பார்க்காத ஒலிப்பதிவு அறைக்கும் முழு அலங்காரத்தில்தான் வந்திருந்தார்கள். இரைச்சல் பதிவில் விழும் என்று ஏசியை வேறு அணைத்தாகிவிட்டது. லாஸ் ஏஞ்சலஸ் வெயிலில் இசைக்குழுவின் ஒன்பது பேரும் கோட்டுக்குள் வெந்துகொண்டிருந்தார்கள்.

முதல் ஆல்பம். மற்ற பாட்டெல்லாம் எப்படியோ தேறிவிட்டது. அவர்களுக்குப் பேர் வாங்கித் தந்த எட்டாவது பாட்டுதான் டிரம்ஸில் வந்து படுத்துக்கொண்டது.

இன்று சரியாக வராவிட்டால் நாளை வேறு டிரம்மரை வைத்து முடித்துவிடுவோம் என்று ஆல்பத்தை வெளியிடும் கம்பெனிக்காரர் சொல்லிவிட்டார்.

டெல்மர் இல்லாமல் முதல் ஆல்பமா? கார் ஷெட்டில் ஒத்திகை பார்த்த நாளிலிருந்து கூட இருப்பவன். அதனாலேயே அவன் மேல் இன்னும் எரிச்சலாக வந்தது.

சத்தம் சிதறாமலிருக்க அவனுக்கு மூன்று பக்கமும் ஆளுயரத் தடுப்பு வைத்திருந்தார்கள். ஹெட்போன் கொடுத்தால் கழற்றி மடியில் வைத்துக்கொள்கிறான். கேட்டால், கிளப்பில் மாதிரி எதிரே ஆட ஆள் வேண்டும் என்கிறான்.

"ரெக்கார்டிங்குக்கு வந்தியா, பார்ட்டிக்கு வந்தியாடா?"

டெல்மர் அசட்டுத்தனமாகச் சிரித்தான். இப்போதெல்லாம் எதைக் கேட்டாலும் இந்தச் சிரிப்புதான்.

வேறு வழியில்லாமல், கிளப்பில் வாராவாரம் ஆடும் வில்மாவையும் அவள் கணவனையும் வரவழைத்தாள். ஷூ சத்தம் கேட்கும் என்று, தடுப்பின் திறந்த பக்கத்தில் அவன் எதிரே சாக்ஸோடு ஆடவிட்டார்கள். மெழுகு போட்ட தரையில் இருவரும் விழாமல் நிற்பதே பெரும்பாடாக இருந்தது. டிரம்ஸும் கூடவே தடுமாறியது.

"ஷூவைப் போட்டுத் தொலைங்க! சத்தம் விழுந்தா விழட்டும்!"

இந்த முறை பாட்டு பறந்தது. பாடப் பாட லோர்னாவுக்கே ஆட வேண்டும் போலிருந்தது. கடைசி டிரம்பெட் ஊதலோடு எல்லோரும் ஒரே வெட்டாக நிறுத்தினார்கள்.

டிரம்ஸ் நிற்கவில்லை.

தடுப்புக்கு இந்தப் பக்கமிருந்து அவன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். பிறகு கத்தினாள்.

அவன் நிறுத்தாததால் வில்மாவும் கணவனும் ஆடினார்கள். அவர்கள் ஆடியதால் அவன் அடித்தான்.

லோர்னா தடுப்பைச் சுற்றிக்கொண்டு போனாள். டெல்மரின் கண் வில்மாவின் ஷூவை விட்டு அசையவில்லை. அவள் கையை உயர்த்தி வில்மாவை நிறுத்தினாள். ஷூ நின்ற அதே நொடியில் டிரம்ஸும் நின்றது.

டெல்மர் நிமிர்ந்தான். அவன் பார்வை அவள் உதட்டில் வந்து நின்றது. மறுபடியும் அதே சிரிப்பு.

எத்தனை நாளாக அவன் முதுகுக்குப் பின்னால் நின்று கேட்காத காதில் கத்தியிருக்கிறோம் என்று நினைத்ததும் அவளுக்குத் தன் மேலேயே ஆத்திரம் பொங்கியது.

கடைசியில் இருக்கும் வெறும் டிரம்ஸை வெட்டிவிடலாம் என்று கண்ணாடிக்கு அப்பாலிருந்து கம்பெனிக்காரர் சொன்னார். வெட்டக் கூடாது என்றாள், திரும்பிப் பார்க்காமல்.

பிறகு டெல்மருக்கு நேரே குனிந்து, முகத்தில் வெளிச்சம் படும்படி நின்று, ஒவ்வொரு சொல்லாக வாயைத் திறந்து சொன்னாள்.

"நல்லா வந்திருக்குடா."