மிஞ்சிய சொல்

பக்கவாதத்துக்குப் பிறகு, தர்க்கவியல் பேராசிரியர் தில்லைநாயகத்திடம் ஒரே ஒரு சொல்தான் மிஞ்சியிருந்தது: ஆகவே. வகுப்பில் கூற்றுகளை எழுதி முடித்ததும், கரும்பலகையை விரலால் தட்டி, மாணவர்களிடம் முடிவைக் கேட்கும் சொல். இப்போது பசித்தாலும் ஆகவே, முதுகு அரித்தாலும் ஆகவே. எது எதற்கென்று மனைவி பூங்கோதை குரலை வைத்தே கண்டுபிடித்துவிடுவாள்.

இன்று மருத்துவர் கட்டிலருகே நின்று அவளிடம் சொன்னார். "இதயம் ரொம்ப பலவீனமாயிடுச்சும்மா. கிட்னியும் வேலை செய்யல. ஆபரேஷன் பண்ணினா தாங்கமாட்டார்." அதோடு நிறுத்திக்கொண்டார்.

தில்லைநாயகம் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். கட்டில் கம்பியை ஒற்றை விரலால் தட்டினார்.

"ஆகவே?"

மருத்துவர் பூங்கோதையைப் பார்த்தார். பூங்கோதை அவசரமாக ஃபிளாஸ்க்கைத் திறந்தாள்.

"காபிதானே கேக்குறீங்க," என்றாள். "இதோ ஊத்துறேங்க."