புது மாணவி சிசிலி

“பெயரைக் கேட்டா சிசிலி எண்டு சொல்லுங்கோ அன்ரி. மறந்துபோய்ப் புஷ்பராணி எண்டு சொல்லிப்போடாதேங்கோ.”

அழைப்பு மணியை அழுத்துமுன் கஜந்தினி கடைசித் தடவையாக எச்சரித்தாள். புஷ்பராணி தலையாட்டினாள். சிசிலி என்பது அவளுடைய கத்தோலிக்கத் தோழியின் பெயர். இரவல் வாங்கி வந்திருந்தாள், கொடுத்தவளுக்குத்தான் தெரியாது.

மகன் தனுஜன், கட்டினால் சில்வியாவைத்தான் கட்டுவேன் என்று ஒற்றைக்காலில் நின்றான். சில்வியா இத்தாலியப் பெண். அப்பா தியாகலிங்கம் ஹொக்கி மட்ச் பார்த்தபடியே “அவன் விருப்பம்” என்று கை கழுவிவிட்டார். தாய்க்கு அப்படி முடியுமா? யாழ்ப்பாணத்து ஆட்கள் என்றால் நாலு பேருக்குப் போன் எடுத்தால் போதும், மூன்று தலைமுறைக் கதை வந்து விழும். இத்தாலியர்களை யாரிடம் விசாரிப்பது?

அப்போதுதான் ஒருநாள் சாப்பாட்டு மேசையில் தனுஜன் வாய்தவறிச் சொன்னான், சில்வியாவின் அம்மா ரொசெற்றா ஞாயிற்றுக்கிழமைகளில் வீட்டிலேயே சமையல் வகுப்பு நடத்துகிறாள் என்று. புஷ்பராணி காதில் விழாததுபோல் ரசத்தை ஊற்றினாள். மறுநாளே மேல்வீட்டுக் கஜந்தினியைப் பிடித்தாள். குழந்தைகள் காப்பகத்தில் வேலை செய்யும் கஜந்தினிக்கு அந்த நகரத்தில் பேசும் பிரெஞ்சு தண்ணீர்பட்ட பாடு, புஷ்பராணிக்கு அது வராததால் மொழிபெயர்க்கவும் அவள்தான் வேண்டும். இரண்டு இடம் பதிவு செய்தாயிற்று. சில்வியாவுக்கு ஞாயிறும் வேலை என்பதால் அங்கே அடையாளம் காண ஆளில்லை. ஜான்-டலோன் காய்கறிச் சந்தைக்குப் போவதாக மகனிடம் சொன்னாள். ரொசெற்றாவின் வீடு சந்தைக்கு இரண்டு தெரு தள்ளித்தான் இருந்தது. ஆகவே முழுப் பொய்யும் இல்லை.

அந்தத் தாயைப் பிடித்தால் கல்யாணம். பிடிக்காவிட்டால் இல்லை. இந்தத் தீர்மானத்தோடுதான் புஷ்பராணி வாசலில் செருப்பைக் கழற்றினாள்.

கதவைத் திறந்த ரொசெற்றா குள்ளமாய், உருண்டையாய், மாவு படிந்த கைகளோடு நின்றாள். பெயர் கேட்டாள். “சிசிலி” என்றதும் உள்ளே இருந்த நாலு பேரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். புஷ்பராணிக்குக் காது சுட்டது.

“பயப்பிடாதேங்கோ. இவவின்ர ஊரும் சிசிலியாம், இத்தாலியில ஒரு தீவு. ராசியான பெயராம்” என்றாள் கஜந்தினி.

அன்றைய பாடம் அரஞ்சினி. குழைந்த சோற்றுக்குள் இறைச்சியும் பட்டாணியும் வைத்து, உருட்டி, எண்ணெயில் பொரிக்க வேண்டும்.

“சோத்தை உருண்டை பிடிச்சுப் பொரிக்க ஒரு வகுப்போ?”

“நீங்கள் வந்த வேலையைப் பாருங்கோ அன்ரி.”

பார்த்தாள். அடுப்பு பளபளவென்றிருந்தது. மாதா படத்துக்கு முன்னால் சின்ன விளக்கு எரிந்தது. அதற்கு மனதுக்குள் முழுப் புள்ளி போட்டாள். ரொசெற்றா ருசி பார்த்த கரண்டியைத் திரும்பச் சட்டிக்குள் விட்டபோது அரைப் புள்ளியைக் குறைத்தாள்.

மற்ற மாணவர்கள்தான் விளங்கவில்லை. கண்ணாடி போட்ட இரண்டு வயதான பெண்கள், தொப்பை வைத்த ஒருவர், ஓர் இளம்பெண். ஒருவரும் ரொசெற்றாவின் கையைப் பார்க்கவேயில்லை. ஊர்க்கதை பேசிக்கொண்டே எலுமிச்சை அளவில் அச்சடித்ததுபோல உருட்டித் தள்ளினார்கள். தொப்பைக்காரர் கேட்காமலே குளிர்சாதனப் பெட்டியைத் திறந்து சீஸ் எடுத்தார்.

“இவ்வளவு கெட்டிக்காரர் ஏன் பிள்ளை படிக்க வருகினம்?”

“பழைய மாணவரா இருக்கும்.”

பழைய மாணவர்கள் புது மாணவியைக் கேள்விகளால் துளைத்தார்கள். கணவர் என்ன வேலை, எத்தனை பிள்ளைகள், வீட்டில் யாராவது குடிப்பார்களா, மகன் தாய் சொல்லைக் கேட்பானா, சொந்தப் புத்தியிலும் நடப்பானா. புஷ்பராணிக்கு இதில் விகற்பமே தெரியவில்லை. மனிதரை நாலு வார்த்தை விசாரிக்கத் தெரிந்த சனம் என்று மகிழ்ந்துபோனாள். மகன் பொறியியலாளன் என்றாள். சொல்லாமலே குப்பையைக் கொண்டுபோய் வைப்பான் என்றாள். கண்ணாடிக்காரிகளில் ஒருத்தி அதை இத்தாலிய மொழியில் மற்றவர்களுக்குச் சொல்ல, எல்லோரும் தலையாட்டினார்கள்.

பிறகு புஷ்பராணி தன் விசாரணையைத் தொடங்கினாள். ரொசெற்றாவுக்குப் பெண் பிள்ளைகள் உண்டா?

ரொசெற்றா பெருமூச்சு விட்டுப் பேசத் தொடங்கினாள். கஜந்தினியின் குரல் இறங்கிக்கொண்டே போனது.

“ஒரே மகளாம். ஒரு தமிழ்ப் பெடியனை விரும்புறாளாம். பெடியன் தங்கமாம்.”

“பேந்தென்ன?”

“தாயை நினைக்கத்தான் பயமாம். பொல்லாத மனுசி எண்டு கேள்வியாம். பிள்ளையை அந்த வீட்டுக்கு எப்பிடி அனுப்புறது எண்டு ரெண்டு மாசமா நித்திரை இல்லையாம்.”

“ஆர் சொன்னது நான் பொல்லாத மனுசி எண்டு?”

கஜந்தினி அவள் காலை மிதித்தாள். தமிழ் தெரியாத அந்த ஐந்து பேரும் வேலையை விட்டுவிட்டு நிமிர்ந்தார்கள்.

புஷ்பராணி ரொசெற்றாவைப் பார்த்தாள். கண்ணின் கீழ் கறுப்பு. அதே இரண்டு மாதமாகத் தன் கண்ணாடியிலும் அவள் காண்கிற கறுப்பு. போட்ட புள்ளி, குறைத்த புள்ளி எல்லாம் எங்கோ போய்விட்டன.

“சொல்லு பிள்ளை. நான்தான் அந்தத் தாய் எண்டு சொல்லு. பெயரும் பொய், படிக்க வந்ததும் பொய். உங்களைப் பாக்கத்தான் வந்தனான், மன்னிக்கச் சொல்லு. கலியாணத்துக்கு எனக்குச் சம்மதம் எண்டும் சொல்லு.”

கஜந்தினி தட்டுத்தடுமாறிச் சொல்லி முடித்தாள். ரொசெற்றா அந்த நாலு பேரையும் ஒவ்வொருவராகப் பார்த்தாள். நாலு தலையும் ஆடின. அவள் சோறு ஒட்டிய கையோடு புஷ்பராணியைக் கட்டிக்கொண்டு மூச்சுவிடாமல் ஏதோ சொன்னாள்.

கஜந்தினி அதை இரண்டாம் தரமும் சொல்லச் சொல்லிக் கேட்டாள்.

“என்ன பிள்ளை, ஏசுறாவோ?”

“இல்லை அன்ரி. தான் ஒருநாளும் சமையல் வகுப்பு எடுத்ததில்லையாம். அப்பிடி வாய்தவறின மாதிரிச் சொல்லு எண்டு தனுஜனுக்குச் சொல்லிக் குடுத்ததே தானாம். இவை நாலு பேரும் சில்வியாவின்ர பெரியம்மா, சித்தி, மாமா, மச்சாள். மாப்பிள்ளையின்ர தாயைப் பாக்க வந்தவையாம். எல்லாருக்கும் உங்களைப் பிடிச்சிருக்காம்.”